காலம் கடந்த வழக்கும் காலத்தை வென்ற தீர்ப்பும்: பொம்மை வழக்கை மீண்டும் வாசித்தல்

அடுகோடியிலிருந்து வடக்கே ஆறேழு கிலோமீட்டர் சென்றால் அம்பேத்கர் வீதியை அடையலாம். வீதியின் ஒருபுறம் 1956-இல் கட்டி முடிக்கப்பட்ட விதான சௌதா. அதன் எதிரே, அதைவிட ஏறத்தாழ 90 ஆண்டுகள் மூத்த செந்நிறக் கட்டடமான அட்டாரா கச்சேரி. இன்று கர்நாடக உயர் நீதிமன்றம் இயங்கும் இடம். அடுகோடியிலிருந்து ஓசூர் சாலை வழியே தெற்கே சென்று பிரிந்தால் பரப்பன அக்ரகார மத்தியச் சிறை வளாகம். தமிழ்நாட்டிலிருந்து ஓசூர் வழியாக வருவோருக்கு இரண்டுமே ஒரே பயணத்தில் எதிர்ப்படும் இடங்கள். இந்திய நீதிமன்ற வரலாற்றின் இருபெரும் வழக்குகள் இவ்விரு இடங்களோடும் தொடர்புடையவை. ஒன்றில், தீர்ப்பு வருவதற்குள் வழக்காடிய பதவியே கைமாறிப்போயிருந்தது. மற்றொன்றில், தீர்ப்பு வருவதற்குள் வழக்கின் முதன்மைத் தரப்பினரே மறைந்துவிட்டார். சூழல் மாறியதால் பயனற்றுப்போகும் வழக்கை வரலாற்று மாணவர்கள் எப்படி வாசிக்க வேண்டும் என்ற கேள்விக்கு இவ்விரண்டையும் அருகருகே வைத்து விடை தேடுவதே இப்பதிவின் நோக்கம்.

முதலில் சொல்லைப் பார்ப்போம். நம் நீதிமன்றங்களில் அன்றாடம் கேட்கும் சொல் ‘இன்ஃப்ரக்சுவஸ்’. கனி என்னும் பொருளுடைய இலத்தீன் வேர்ச்சொல்லிலிருந்து பிறந்தது. காய்க்காமல் போனது என்பதே அதன் நேர்ப்பொருள். தேர்வெழுத அனுமதி கேட்டு வழக்குத் தொடுத்த மாணவரின் மனு, தேர்வு முடிந்தபின் விசாரணைக்கு வருகிறது. இடிப்பதற்குத் தடை கேட்ட மனு, கட்டடம் இடிந்தபின் வருகிறது. நீதிபதி இரண்டு வரியில் மனுவை முடித்துவைக்கிறார். மனுதாரர் தோற்கவுமில்லை, வெல்லவுமில்லை. கண் கெட்ட பின் சூரிய நமஸ்காரம் என்ற பழமொழி இந்நிலையைச் சரியாகவே சுட்டுகிறது. எனினும் அப்பழமொழி ஒன்றைக் கேட்பதில்லை: கண் கெடும்வரை காலம் கடத்தியது யார்?

அமெரிக்காவில் இக்கோட்பாடு அரசமைப்பின் மூன்றாம் பிரிவிலிருந்தே பெறப்படுகிறது. உயிருள்ள தகராறு இல்லையெனில் கூட்டாட்சி நீதிமன்றங்களுக்கு அதிகாரமே இல்லை என்பது அவர்கள் கொண்ட பொருள். 1974-இல் முடிவான டிஃபூனிஸ் எதிர் ஓடகார்ட் வழக்கு இதற்குப் புகழ்பெற்ற சான்று. வாஷிங்டன் பல்கலைக்கழகச் சட்டப் பள்ளியில் இடம் மறுக்கப்பட்ட ஒருவர் சேர்க்கை முறையை எதிர்த்து வழக்குத் தொடுத்து, நீதிமன்ற ஆணையின் துணையால் படிக்கத் தொடங்கினார். வழக்கு உச்ச நீதிமன்றத்தில் முடிவுக்கு வந்தபோது அவர் இறுதிப் பருவத்தில் இருந்தார். எப்படியும் பட்டம் பெற்றுவிடுவார், ஆகவே தீர்க்க எதுவுமில்லை என்று 5 நீதிபதிகள் கூறினர். 4 பேர் மறுத்தனர். அக்கேள்வி திரும்பி வந்தே தீரும் என்பது மறுத்தோரின் வாதம். நான்கே ஆண்டுகளில், 1978-இல், பாக்கி வழக்கின் வடிவில் அது திரும்பி வந்தது.

இந்திய அரசமைப்பின் 32, 226 ஆகிய பிரிவுகளில் அத்தகைய வரம்பு எழுதப்படவில்லை. இருப்பினும், வெறும் ஏட்டளவிலான கேள்விகளுக்கு நீதிமன்றம் விடையளிக்கத் தேவையில்லை என்ற மரபு இங்கும் வேரூன்றியது. 1974-ஆம் ஆண்டின் தீர்ப்புத் தொகுப்புகளில் உள்ள லோகநாத் பதான் வழக்கு இம்மரபைத் தெளிவாக எடுத்துரைக்கிறது. ஒரிசா சட்டமன்ற உறுப்பினர் ஒருவரின் தேர்தல் செல்லாது என்று கோரிய மேல்முறையீடு நிலுவையில் இருந்தபோதே அச்சட்டமன்றம் கலைக்கப்பட்டது. இல்லாத அவையின் உறுப்பினரைப் பற்றித் தீர்ப்பளிப்பதில் பயனில்லை என்றது உச்ச நீதிமன்றம். அதே தீர்ப்பு ஒரு வேறுபாட்டையும் சுட்டியது. தேர்தல் முறைகேடு என்ற குற்றச்சாட்டாக இருந்திருந்தால், அது வருங்காலத் தகுதியிழப்புக்கு வழிவகுக்கும் என்பதால், அவை கலைந்தபின்னும் வழக்கு உயிருடன் இருந்திருக்கும். ஆக, நடந்தது முடிந்துவிட்டதா என்பது உரைகல் அன்று. விடை இனியும் யாருக்கேனும் விளைவைத் தருமா என்பதே உரைகல்.

இவ்வுரைகல்லைக் கையில் வைத்துக்கொண்டு 1989-ஆம் ஆண்டின் பெங்களூருக்கு வருவோம்.

ராமகிருஷ்ண ஹெக்டே பதவி விலகியதைத் தொடர்ந்து 1988 ஆகஸ்டில் எஸ்.ஆர். பொம்மை கர்நாடக முதலமைச்சரானார். 1989 ஏப்ரல் மாத நடுவில், ஜனதா தளத்திலிருந்து விலகிய ஓர் உறுப்பினர், அரசுக்கு அளித்த ஆதரவைத் திரும்பப் பெறுவதாகக் கூறும் 19 கடிதங்களை ஆளுநர் பி. வெங்கடசுப்பையாவிடம் அளித்தார். ஆளுநர் 19-ஆம் தேதி குடியரசுத் தலைவருக்கு அறிக்கை அனுப்பினார். மறுநாளே, கடிதம் அளித்தவர்களில் 7 பேர் தங்கள் ஆதரவு அரசுக்கே என்று எழுதிக் கொடுத்தனர். அவையைக் கூட்டிப் பெரும்பான்மையை நிரூபிக்கத் தாம் ஆயத்தம் என்று பொம்மையும் ஆளுநரிடம் தெரிவித்தார். ஆளுநரோ இரண்டாம் அறிக்கையை அனுப்பினார். ஏப்ரல் 21-இல் குடியரசுத் தலைவர் ஆர். வெங்கட்ராமன் கையெழுத்திட்ட பிரகடனத்தால் அரசு நீக்கப்பட்டது, சட்டமன்றம் கலைக்கப்பட்டது. விதான சௌதாவில் எண்ணிப் பார்த்திருக்க வேண்டிய தலைகளை ராஜ்பவன் எண்ணி முடித்துவிட்டது.

சில நாள்களிலேயே பொம்மை எதிரிலிருந்த உயர் நீதிமன்றத்தின் படியேறினார். மூவர் கொண்ட சிறப்பு அமர்வு இரண்டரை மாதத்திற்குள், ஜூலை 6-இல், மனுவைத் தள்ளுபடி செய்தது. அவையில் பலத்தைச் சோதிப்பது கட்டாயமன்று என்பது அத்தீர்ப்பின் சாரம். உயர் நீதிமன்றம் காலம் தாழ்த்தவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். மேல்முறையீடு உச்ச நீதிமன்றம் சென்றது. நவம்பரில் கர்நாடகத்தில் தேர்தல் நடந்தது. மொத்தம் 224 இடங்களில் காங்கிரஸ் 178 இடங்களை வென்றது. ஜனதா தளத்திற்குக் கிடைத்தவை 24. வீரேந்திர பாட்டீல் முதலமைச்சரானார். அவருக்குப் பின் பங்காரப்பாவும் அவருக்குப் பின் வீரப்ப மொய்லியும் அந்த நாற்காலியில் அமர்ந்தனர். வழக்கு அப்போதும் நிலுவையில் இருந்தது.

தேர்தல் முடிந்த கணத்திலேயே வழக்கின் உயிர் போய்விட்டது என்று ஒருவர் வாதிடலாம். நீக்கப்பட்ட அரசை மக்களே நிராகரித்துவிட்டபோது, நீக்கியது சரியா தவறா என்பதில் என்ன இருக்கிறது? இவ்வாதம் முதல் பார்வையில் வலுவானது, ஆனால் பிழையானது. நவம்பரில் மக்களிடம் கேட்கப்பட்ட கேள்வி ‘இனி யார் ஆள வேண்டும்?’ என்பது. ஏப்ரலில் எழுந்த கேள்வியோ ‘பெரும்பான்மை இருக்கிறதா என்பதை எங்கே, யார் முடிவுசெய்வது?’ என்பது. முதல் கேள்விக்கான விடை இரண்டாவதற்கு விடையாகாது. வாக்குப்பெட்டியால் பதவியைத் தர முடியும். நடந்துபோன ஆணைக்குச் சட்ட ஏற்பைத் தர முடியாது.

ஏறக்குறைய உறங்கிக் கிடந்த வழக்கை எழுப்பியது அயோத்தி. 1992 டிசம்பர் 6-இல் பாபர் மசூதி இடிக்கப்பட்டதைத் தொடர்ந்து, டிசம்பர் 15-இல் மத்தியப் பிரதேசம், ராஜஸ்தான், இமாச்சலப் பிரதேசம் ஆகிய மாநிலங்களின் பாரதிய ஜனதா அரசுகள் நீக்கப்பட்டன. 1993 ஏப்ரலில் மத்தியப் பிரதேச உயர் நீதிமன்றம் அம்மாநிலப் பிரகடனத்தைச் செல்லாதென அறிவித்தது. இவ்வழக்குகளோடு கர்நாடகம் (1989), நாகாலாந்து (1988), மேகாலயா (1991) ஆகியவற்றின் வழக்குகளும் சேர்க்கப்பட்டு 9 நீதிபதிகள் கொண்ட அமர்வின் முன் வந்தன. அமர்வின் மூத்தவர் தமிழரான எஸ். ரத்தினவேல் பாண்டியன், பணி ஓய்வின் வாயிலில் நின்றிருந்தவர். 1994 மார்ச் 11-இல் தீர்ப்பு வந்தபோது, பிரகடனத்திற்கும் தீர்ப்புக்கும் இடையே கர்நாடகத்தைப் பொறுத்தவரை நான்கு ஆண்டு பத்து மாதங்களுக்கு மேல் கடந்திருந்தன. ஆறு மாநிலங்களிலும் அதற்குள் தேர்தல் முடிந்து புதிய அரசுகள் அமைந்துவிட்டன. கறாராகச் சொன்னால், நீதிமன்றத்தின் முன் இருந்தவை பயனற்றுப்போன ஆறு வழக்குகள்.

அமர்வு இரண்டு வரியில் அவற்றை முடித்துவைத்திருக்கலாம், அப்படிச் செய்யவில்லை. கர்நாடகம், நாகாலாந்து, மேகாலயா ஆகியவற்றின் பிரகடனங்கள் அரசமைப்புக்கு முரணானவை என்று பெரும்பான்மை நீதிபதிகள் கூறினர். மற்ற மூன்றும், மதச்சார்பின்மை அரசமைப்பின் அடிப்படைக் கூறு என்பதன் அடிப்படையில், செல்லும் எனப்பட்டன. முரணானவை எனப்பட்டவற்றிலும் நிவாரணம் ஏதும் வழங்கப்படவில்லை. தேர்தல்கள் நடந்துவிட்டதால் பழைய அரசுகளை மீட்க வழியில்லை என்று நீதிமன்றமே ஒப்புக்கொண்டது. பொம்மை வென்றார்; கையில் எதுவும் கிடைக்கவில்லை.

மாணவர்கள் பொதுவாக மனப்பாடம் செய்யும் பகுதிகள் இரண்டு: பெரும்பான்மையை அவையில்தான் சோதிக்க வேண்டும் என்பது; மதச்சார்பின்மை அடிப்படைக் கூறு என்பது. அவற்றைவிடக் குறைவாகப் பேசப்படும் மூன்றாம் பகுதி ஒன்றுண்டு. நம் தலைப்பைப் பொறுத்தவரை அதுவே இதயம். தன் முன்னால் இருந்த ஆறு வழக்குகளும் ஏன் கனியாமல் போயின என்று பெரும்பான்மைத் தரப்பு தன்னையே கேட்டுக்கொண்டது; இனி அப்படி நேராதிருக்க மூன்று தடுப்புகளை வகுத்தது. முதலாவது, நாடாளுமன்றத்தின் இரு அவைகளும் பிரகடனத்திற்கு ஒப்புதல் அளிக்கும்வரை சட்டமன்றத்தைக் கலைக்கக் கூடாது. முடக்கி மட்டுமே வைக்கலாம். இரண்டாவது, பிரகடனம் செல்லாது எனத் தீர்ப்பானால், நாடாளுமன்றம் ஒப்புதல் அளித்திருந்தாலும், நீக்கப்பட்ட அரசையும் கலைக்கப்பட்ட அவையையும் நீதிமன்றம் மீட்கலாம். மூன்றாவது, தக்க வழக்குகளில், இறுதித் தீர்ப்பு வரும்வரை புதிய தேர்தலை நடத்தாதிருக்க இடைக்காலத் தடையாணை பிறப்பிக்கலாம். இல்லாவிடில் நீதிப் புனராய்வு என்பதே பொருளற்றதாகிவிடும்.

வேறு சொற்களில் கூறினால், பயனற்றுப்போதல் என்பது இயற்கை நிகழ்வன்று என்பதை அத்தீர்ப்பு கண்டுகொண்டது. கலைப்பு, தேர்தல் அறிவிப்பு, புதிய அரசின் பதவியேற்பு ஆகிய ஒவ்வொன்றும் ஒரு தரப்பு செய்யும் செயல். வழக்கை எதிர்கொள்ளும் தரப்பின் கையிலேயே காலத்தின் கடிவாளமும் இருந்தால், வழக்கைக் கனியாமற் செய்வது ஓர் உத்தியாகவே மாறிவிடும். வெள்ளம் வடிந்தபின் வந்த தீர்ப்பு, அடுத்த வெள்ளத்திற்கு அணை போட்டது. 1950 முதல் அதுவரை 90-க்கும் மேற்பட்ட முறை 356-ஆவது பிரிவு பயன்படுத்தப்பட்டிருந்தது என்பதையும், 1976-லும் 1991-லும் தமிழ்நாடே அதை நேரில் கண்டது என்பதையும் நினைவிற்கொண்டால் அந்த அணையின் தேவை விளங்கும்.

அணை தாங்கியதா? வரலாறு கலவையான விடையையே தருகிறது. 1997 அக்டோபரில் உத்தரப் பிரதேச அரசை நீக்கும் பரிந்துரையைக் குடியரசுத் தலைவர் கே.ஆர். நாராயணன் மறுபரிசீலனைக்குத் திருப்பி அனுப்பினார், அப்பரிந்துரை கைவிடப்பட்டது. ஆனால் 2005 மே மாதம் பீகார் சட்டமன்றம் கலைக்கப்பட்டபோது பழைய கதை திரும்பியது. அக்டோபர் 7-இல், கலைப்பு அரசமைப்புக்கு முரணானது என்று உச்ச நீதிமன்றம் அறிவித்தது. எனினும் தேர்தல் நடைமுறை தொடங்கிவிட்டது என்ற காரணத்தால் அவையை மீட்கவில்லை. மூன்றாவது தடுப்பு கையில் இருந்தும் அது பயன்படுத்தப்படவில்லை. 2016 ஜூலை 13-இல், நபம் ரெபியா வழக்கில், அருணாச்சலப் பிரதேசத்தில் 2015 டிசம்பர் 15-இல் இருந்த நிலையை மீட்டு, நீக்கப்பட்ட அரசை உச்ச நீதிமன்றம் மீண்டும் அமர்த்தியது. ஆனால் திரும்பி வந்த முதலமைச்சர் நபம் துக்கியோடு உறுப்பினர்கள் திரும்பி வரவில்லை. சில நாள்களிலேயே அவர் விலகினார். நீதிமன்றத்தால் நாற்காலியை மீட்க முடிந்தது; இடையில் கடந்துவிட்ட ஏழு மாதங்களை மீட்க முடியவில்லை.

2023 மே மாத மகாராஷ்டிரத் தீர்ப்பு இன்னொரு வாயிலைக் காட்டியது. நம்பிக்கை வாக்கெடுப்புக்கு ஆளுநர் அழைத்தது தவறு என்று நீதிமன்றம் கூறியது. ஆயினும் வாக்கெடுப்பைச் சந்திக்காமலேயே உத்தவ் தாக்கரே பதவி விலகிவிட்டதால் அவரை மீண்டும் அமர்த்த இயலாது என்றது. தரப்பினரின் செயலே தம் வழக்கைக் கனியாமற் செய்துவிடலாம் என்பது அதன் பாடம்.

இவற்றிற்கிடையே பெங்களூரே ஒரு மாற்று வழியையும் காட்டியது. 2018 மே மாதம், பெரும்பான்மையை நிரூபிக்க எடியூரப்பாவுக்கு ஆளுநர் 15 நாள் அவகாசம் அளித்தார். உச்ச நீதிமன்றம் நள்ளிரவு கடந்து கூடி வழக்கைக் கேட்டது, பதவியேற்பைத் தடுக்கவில்லை, ஆனால் அடுத்த நாள் விசாரணையில் மே 19 மாலைக்குள் வாக்கெடுப்பு நடக்க வேண்டுமென ஆணையிட்டது. வாக்கெடுப்புக்கு முன்பே எடியூரப்பா விலகினார். நீண்ட தத்துவத் தீர்ப்பு அன்று எழுதப்படவில்லை. எழுதத் தேவையும் இருக்கவில்லை. 1989-இல் ஏறத்தாழ ஐந்தாண்டுகள் பிடித்ததை மூன்று நாள்களில் அதே விதான சௌதாவுக்குள் அனுப்பிவைத்தது, 1994-இன் ‘பயனற்ற’ தீர்ப்புதான்.

இனி ஓசூர் சாலையின் மறுமுனைக்கு வருவோம். தமிழ்நாட்டின் முன்னாள் முதலமைச்சர் ஜெயலலிதா உள்ளிட்ட நால்வர் மீதான சொத்துக் குவிப்பு வழக்கு 1991 முதல் 1996 வரையிலான காலத்தைப் பற்றியது. 2003 நவம்பரில் உச்ச நீதிமன்றம் அதைப் பெங்களூருக்கு மாற்றியது. 2014 செப்டம்பர் 27-இல், பரப்பன அக்ரகார வளாகத்தில் கூடிய சிறப்பு நீதிமன்றத்தில், நீதிபதி ஜான் மைக்கேல் டி குன்ஹா நான்காண்டுச் சிறையும், முதல் எதிரிக்கு 100 கோடி ரூபாய் அபராதமும் விதித்தார். 2015 மே 11-இல் கர்நாடக உயர் நீதிமன்றம் நால்வரையும் விடுவித்தது. கர்நாடக அரசின் மேல்முறையீட்டில் 2016 ஜூன் மாதம் வாதங்கள் முடிந்து தீர்ப்பு ஒத்திவைக்கப்பட்டது. டிசம்பர் 5-இல் ஜெயலலிதா மறைந்தார். 2017 பிப்ரவரி 14-இல் வந்த தீர்ப்பு மற்ற மூவரைப் பொறுத்தவரை சிறப்பு நீதிமன்றத்தின் தண்டனையை முழுமையாக மீட்டது. மறைந்தவரைப் பொறுத்தவரை மேல்முறையீடு அற்றுப்போனதாக அறிவித்தது.

சட்டம் இங்கே தெளிவானது. குற்ற வழக்கில் விடுதலையை எதிர்த்த மேல்முறையீடு எதிரியின் மரணத்தோடு அற்றுப்போகும். இறந்தவரைச் சிறைக்கு அனுப்ப முடியாது. ஆனால் அதே சட்டம் ஒன்றை மறக்கவில்லை. சிறைத் தண்டனை பெற்றவர், அதை எதிர்த்துத் தாம் தொடுத்த மேல்முறையீடு நிலுவையில் இருக்கும்போது இறந்தால், நெருங்கிய உறவினர் 30 நாள்களுக்குள் அனுமதி பெற்று அதைத் தொடரலாம். உடல் மறைந்தாலும் பெயர் மிஞ்சுகிறது. அப்பெயரைத் துடைக்கும் உரிமையும் மிஞ்சுகிறது என்பதற்கான ஒப்புதல் அது. இவ்வழக்கிலோ நிலை தலைகீழ். மேல்முறையிட்டது அரசு. நால்வரின் செயல்களும் பின்னிப் பிணைந்திருந்ததால், மறைந்தவரைப் பற்றிய சான்றுகளையும் தீர்ப்பு அலச நேர்ந்தது. விளைவாக, சட்டத்தின் கணக்கில் தண்டனை பெறாத ஒருவரைப் பற்றி, தீர்ப்பின் பக்கங்களில் விரிவான ஆய்வு பதிவாகியுள்ளது. இதை ஒரு தரப்பு மெய்ப்பிக்கப்பட்ட குற்றமாக வாசிக்கிறது. மறு தரப்பு மறுமொழி சொல்ல முடியாதவர் மீது ஏற்றப்பட்ட பழியாக வாசிக்கிறது. சொத்துகளின் மீதான கேள்வியோ மேலும் பல ஆண்டுகள் உயிரோடிருந்தது. வழக்கு அற்றுப்போனதால் சொத்துகள் தமக்கே என்று சட்டப்படியான வாரிசுகள் கோரினர். 2025 ஜனவரியில் கர்நாடக உயர் நீதிமன்றம் அதை நிராகரித்தது. பெங்களூரில் காப்பிலிருந்த நகைகள் அடுத்த மாதமே தமிழ்நாடு அரசிடம் ஒப்படைக்கப்பட்டன.

இரு வழக்குகளையும் சேர்த்துப் பார்த்தால் ஒன்று புலனாகிறது. வழக்கு பயனற்றுப்போகிறது என்று நாம் சொல்லும்போது, உண்மையில் போவது அதன் ஓர் இழை மட்டுமே. பொம்மைக்குப் போனது பதவி, மிஞ்சியது விதி. மற்றதில் போனது தண்டனை. மிஞ்சியவை சான்றும் சொத்தும் பெயரும். ஆகவே ‘பயனற்றது’ என்ற முத்திரையைக் கண்டவுடன் கோப்பை மூடிவிடுவது வரலாற்று மாணவர்க்குத் தகாது. எந்த இழை அறுந்தது, எது மிஞ்சியது, அறுவதற்குள் காலத்தைக் கையில் வைத்திருந்தவர் யார் என்ற மூன்று கேள்விகளையும் கேட்க வேண்டும்.

பொம்மை தீர்ப்பை வெற்றிக் கதையாக மட்டும் கற்பிக்கும் வழக்கத்தின் மீது எனக்குள்ள தயக்கமும் இதனால்தான். அது வெற்றிக் கதை என்பதில் ஐயமில்லை. ஆனால் ஐந்தாண்டுத் தாமதத்தை மன்னிக்க அந்த வெற்றி சான்றாகிவிடக் கூடாது. ஒன்பது நீதிபதிகளின் முன் செல்லும் பேறு எல்லா மனுக்களுக்கும் வாய்ப்பதில்லை. தேர்வு முடிந்தபின் விசாரணைக்கு வரும் மாணவரின் மனுவிலிருந்து எந்தக் கோட்பாடும் பிறப்பதில்லை. இரண்டு வரி ஆணையே மிஞ்சுகிறது. உயர் நீதிமன்றங்களின் ஆணைகளை ஆய்வுக்கு எடுப்போர் பெரும் தீர்ப்புகளோடு, அந்த இரண்டு வரி ஆணைகளையும் தொகுத்துப் பார்க்க வேண்டும் என்பது என் விண்ணப்பம். மனு தாக்கலான நாள், நிவாரணம் இயலாமற்போன நாள், ஆணை பிறந்த நாள் ஆகிய மூன்று தேதிகளை ஒரே வரிசையில் எழுதிவைத்தாலே போதும். காலம் யார் பக்கம் நின்றது என்பதை அவ்வரிசையே சொல்லிவிடும்.